சுமைதாங்கியின் உயரம்

யாழ்ப்பாணத்திலிருந்து திரும்பி ஒரு வாரம் ஆகிறது. உடம்பு அசதி இன்னும் போகவில்லை. அங்கே ஒவ்வொரு இரவும் நோட்டில் எழுதியதைக் கொஞ்சம் திருத்தி நாள்வாரியாகப் போடுகிறேன்.

ஊரின் பெயரைச் சொல்லப் போவதில்லை. வலிகாமம் மேற்கில், சங்கானைக்குப் பக்கத்தில், நான்கு தெரு கூடும் ஒரு சின்ன ஊர். நான் தங்கிய வீட்டுப் பெரியம்மா கேட்டுக்கொண்டார். பழைய கதவும் தூணும் இருக்கிற வீடு என்று தெரிந்தால் விலை பேச ஆள் வந்துவிடுகிறார்களாம். எனக்கு அது நன்றாகவே புரிந்தது. நான் காரைக்குடிக்காரி. எங்கள் ஊர் முனீஸ்வரன் கோயில் தெருக் கடைகளில் சாத்தி வைத்திருக்கும் தூணும் நிலையும் யார் யார் வீட்டிலிருந்தோ பெயர்த்து வந்தவைதான்.

அப்பா கொத்தனார். செட்டிநாட்டு வீடுகளில் சுண்ணாம்புப் பூச்சு வேலை செய்தே எங்களை வளர்த்தார். நான் கட்டட வரைபடம் போடுகிறேன். பழைய சுவரைக் கண்டால் தொட்டுப் பார்க்காமல் எங்கள் இருவராலும் தாண்டிப் போக முடியாது. கூடப் படித்த தோழி இப்போது கனடாவில். அவளுடைய பெரியம்மா வீட்டில்தான் தங்கினேன்.

மார்ச் 6, வியாழன்

நாகப்பட்டினத்திலிருந்து கப்பலில் நாலு மணி நேரம். கடல் அமைதியாகவே இருந்தது. காங்கேசன்துறையில் இறங்கியதும் கண் கூசியது. வெயில் எங்கள் ஊர் வெயில்தான், ஆனால் வெள்ளைக் கல் அதை இரண்டு மடங்காக்கித் திருப்பி அனுப்புகிறது.

ஓட்டோக்காரர் 3,500 ரூபாய் கேட்டார். நம்மூர்க் கணக்கில் ஆயிரம் சொச்சம். ஊர்ப்பெயரைச் சொன்னதும், "ஆற்றை வீட்டுக்குப் போறியள், அக்கா?" என்றார். யாருடைய வீட்டுக்கு என்று கேட்கிறார். பெரியம்மாவின் பெயரைச் சொல்லி முடிப்பதற்குள் தலையை ஆட்டிவிட்டார். அதற்குப் பிறகு வழி கேட்கவே இல்லை. வழியெல்லாம் செம்மண் தோட்டம், வெங்காயம், புகையிலை, வாழை. ஒவ்வொரு தோட்டத்தின் ஓரத்திலும் மண்ணிலிருந்து பொறுக்கிய சுண்ணக்கற்களை அடுக்கி வைத்திருக்கிறார்கள். இந்த மண்ணில் ஒரு முழம் தோண்டினால் கல். வற்றாத ஆறு கிடையாது. மழை அந்தக் கல்லுக்குள் இறங்கி நிற்பதுதான் குடிநீர், பயிர்நீர் எல்லாம். அதனால் வீட்டுக்கு வீடு கிணறு.

வீட்டின் முன்னால் இறங்கியபோது, உள்ளே போகத் தோன்றாமல் வாசலிலேயே நின்றுவிட்டேன். மதிலின் நடுவே வாசலுக்கென்று தனியாக ஒரு கூரை. கூரைக்குக் கீழே இரண்டு பக்கமும் இருவர் இருவர் உட்காரும் அளவுக்குத் திண்ணை. இதுதான் சங்கடப் படலை. படத்தில் பார்த்திருக்கிறேன். படத்தில் தெரியாத ஒன்று நேரில் தெரிந்தது. கதவு திண்ணைகளுக்குப் பின்னால் இருக்கிறது. அதாவது நிழலும் இருக்கையும் கதவுக்கு வெளியே, தெருவின் பக்கம். தெருவில் போகிறவர் யாரையும் கேட்காமல் உட்காரலாம், மழைக்கு ஒதுங்கலாம். முன்பு ஒரு மண்பானையில் தண்ணீரும் வைத்திருப்பார்களாம். எங்கள் செட்டிநாட்டு வீடுகளிலும் திண்ணை உண்டு, பெரிய பெரிய திண்ணைகள். ஆனால் அவை வீட்டோடு ஒட்டியவை. அங்கே உட்காருகிறவர் வீட்டாரின் விருந்தாளி. இங்கே உட்காருகிறவருக்கு வீட்டாரைத் தெரிந்திருக்க வேண்டியதில்லை.

"வெயிலுக்கை நிக்காதேங்கோ பிள்ளை, உள்ளுக்கு வாங்கோ" என்று பெரியம்மா கையைப் பிடித்துக் கூட்டிப் போனார்.

வீடு நாற்சார். நடுவே வானம் தெரியும் முற்றம், நான்கு பக்கமும் தாழ்வாரம், அதை ஒட்டி அறைகள். எங்கள் ஊர் வீட்டை எடுத்துச் சின்னதாக்கி, பர்மாத் தேக்குக்குப் பதில் கூரைச் சட்டமாகப் பனஞ்சிலாகை வைத்தது போல இருக்கிறது. நான் 5 அடி 1 அங்குலம். தாழ்வாரத்தின் கூரை ஓரம் என் தலைக்குச் சற்று மேலே நிற்கிறது. வெயில் தரையில் ஒரு கோடாக நின்றுவிடுகிறது, உள்ளே வருவதில்லை.

"ஆறுதலா வளவைப் பாருங்கோ" என்றார். எனக்கு இரண்டு சொல்லும் பிடிபடவில்லை. எங்கள் பக்கம் வளவு என்றால் வீட்டுக்குள் முற்றத்தைச் சுற்றிய இடம். நான் முற்றத்திலேயே நிற்க, அவர் பின்பக்கம் கையைக் காட்டினார். இங்கே வளவு என்றால் வீட்டைச் சுற்றிய மொத்த மனை. ஆறுதலா என்றால் மெதுவாக. நல்ல சொல்.

இரவு புட்டு, கத்தரிக்காய்ப் பால்கறி, சொதி. சொதியை ரசம் மாதிரிக் கடைசியில் ஊற்றிக்கொள்ள நினைத்திருந்தேன். அவர் முதலிலேயே புட்டைக் குழித்து ஊற்றிவிட்டார். அப்படித்தான் சாப்பிட வேண்டும்.

மார்ச் 7, வெள்ளி

மாசிப் பனி மூசிப் பெய்யும் என்று பாட்டி சொல்வார். காலை ஆறு மணிக்குப் பனைகள் இடுப்புக்கு மேலே இல்லை. தாவணி நனைகிற அளவுக்குப் பனி. நாற்சந்திக்கு நடந்தேன், இருநூறு அடி தூரம்.

சந்தி என்றால் பெரிதாக எதுவும் இல்லை. ஒரு பலசரக்குக் கடை, ஒரு சைக்கிள் கடை, ஒரு வைரவர் கோயில். ஆனால் வடகிழக்கு மூலையில், ஒரு வேம்பின் கீழ், பழைய ஊர் முழுசாக இருக்கிறது. மடம், கேணி, ஆவுரஞ்சிக்கல், சுமைதாங்கி. நாலும் முப்பது அடிக்குள்.

மடம் ஓர் ஒற்றைக் கூடம். மூன்று பக்கம் சுவர், தெருப்பக்கம் திறந்தது, நாலு கல்தூண். தரை தெருவிலிருந்து இரண்டரை அடி உயரம். கூரையில் பழைய பீலி ஓடு பாதியும் தகரம் பாதியும். கேணிக்கு இறங்கும் படிகளின் ஒரு பக்கம் சரிவு. மாடு இறங்கித் தண்ணீர் குடிக்க. படி மனிதருக்கு, சரிவு மாட்டுக்கு. மேலே ஏறி வரும் மாடு உடம்பைத் தேய்த்துக்கொள்ள ஓர் ஆள் மார்பளவுக்கு நட்ட கல்தான் ஆவுரஞ்சி. மாடு உரசி உரசி ஒரு பக்கம் எண்ணெய் பூசியது போல் மினுங்குகிறது. மாட்டுக்கு முதுகு அரிக்கும், அதற்கும் ஒரு கல் நட வேண்டும் என்று ஒருவர் நினைத்திருக்கிறார். எத்தனையோ மாளிகைகளை அளந்து வரைந்திருக்கிறேன். இந்த ஒரு கல் கொடுத்த சந்தோஷத்தை அவை கொடுத்ததில்லை.

சுமைதாங்கியை டேப் வைத்து அளந்தேன். இரண்டு நிற்கும் கல், மேலே ஒரு கிடைக்கல். மேல்முகம் தரையிலிருந்து 4 அடி 2 அங்குலம். பக்கத்தில் நின்று பார்த்தால் சரியாக என் தோள். தலையில் சுமையோடு வருகிறவள் குனியாமல், யார் உதவியும் இல்லாமல், முழங்காலை ஒரு துளி மடக்கிச் சுமையைக் கல்லுக்குச் சரிக்கலாம். திரும்பவும் அப்படியே தலைக்கு ஏற்றலாம். ஆறடி ஆணுக்கு இது வசதியான உயரம் இல்லை. பிள்ளை பெறாமல் வயிற்றோடு இறந்துபோன பெண்ணின் நினைவாகச் சுமைதாங்கி வைப்பது தமிழ்நாட்டிலும் உண்டு, இங்கேயும் உண்டு. இந்தக் கல் யார் நினைவாக என்று ஊரில் யாருக்கும் சொல்லத் தெரியவில்லை. கல்லில் எழுத்தும் இல்லை. ஆனால் பெண்ணின் தோளை மனதில் வைத்து நட்ட கல் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

நான் வரைந்துகொண்டிருந்தபோது புல்லுக்கட்டோடு ஒரு அம்மா வந்து, கல்லில் சரித்துவிட்டு, முந்தானையால் முகம் துடைத்தார். "என்ன பிள்ளை, கல்லுக்குப் படம் கீறுறியள்?" என்றார். படத்தைக் காட்டினேன். நெடுநேரம் பார்த்தார். "இவ்வளவு நாளும் இதை ஆரும் கீறேல்லை" என்று சொல்லிவிட்டுக் கட்டைத் தலைக்கு ஏற்றிக்கொண்டு போனார். இன்றும் வேலை செய்கிற கல்!

பகலில் மடத்துச் சுவரைப் பார்த்தேன். ஒரு மூலையில் பூச்சு பெயர்ந்து உள்ளே முருகைக்கல் தெரிகிறது, தேனடை மாதிரி ஓட்டை ஓட்டையாக. கடலுக்கடியில் வளர்ந்த கல். சாந்திலும் பவளத் துண்டும் சிப்பித் துண்டும் இருந்தன. கல்லும் சாந்தும் ஒரே கடலிலிருந்து வந்தவை, அதனால் ஒன்றையொன்று விடாமல் பிடித்துக்கொண்டிருக்கின்றன. ஒட்டுப்போட்ட இடத்தில் சிமெண்ட் பூசியிருக்கிறார்கள். அந்த இடம்தான் உப்புப் பூத்துப் பொரிந்து உதிர்கிறது. அப்பா இதை ஆயிரம் முறை சொல்லியிருக்கிறார்: சுண்ணாம்புச் சுவர் மூச்சு விடும், சிமெண்ட் அதன் வாயைப் பொத்திவிடும்.

இரவு நோட்டில் இப்படி எழுதினேன்: "இங்கே கட்டியதெல்லாம் வழிப்போக்கனுக்காகக் கட்டியது."

மார்ச் 8, சனி

பெரியம்மாவின் சைக்கிளை வாங்கிக்கொண்டு சங்கானைக்குப் போனேன். பழைய தேவாலயத்தின் இடிபாடு பார்க்க. கூரை இல்லை. சுவர்கள் நிற்கின்றன, அகலமும் கனமுமாக, முருகைக்கல்லும் சுண்ணாம்புமாக. ஓர் அரைவட்ட வளைவுக்குக் கீழே புல். போர்த்துக்கீசர் காலத்துக் கோயில், பின்னால் ஒல்லாந்தர், அதாவது டச்சுக்காரர், கைக்கு வந்தது. ஒல்லாந்தர் 1658இல் யாழ்ப்பாணக் கோட்டையைப் பிடித்த பிறகு இங்கே ஊழியம் செய்த பல்தேயஸ் பாதிரியார், 1672இல் அச்சான தன் நூலில் வலிகாமத்துத் தேவாலயங்களை ஒவ்வொன்றாகப் படமாகப் போட்டிருக்கிறார். அந்தப் படங்களை அச்செடுத்துக் கொண்டு போயிருந்தேன். படத்தில் ஆட்கள் குடை பிடித்து நடக்கிறார்கள். நேரில் ஒரு ஆடு நின்றது.

மூன்று சுற்றுச் சுற்றினேன். நாலாவது சுற்றில், தரையில் கிடந்த கருக்குமட்டையைப் பார்க்காமல் கால் வைத்துவிட்டேன். பனைமட்டையின் ஓரம் ரம்பம் மாதிரி. கணுக்காலுக்கு மேலே நாலு அங்குலக் கீறல், செருப்பெல்லாம் ரத்தம். பக்கத்து வீட்டு வேலிக்கு மேலிருந்து பார்த்த ஒரு பெண், ஒரு வார்த்தை பேசாமல் உள்ளே போய்ச் செம்பில் தண்ணீரும் மஞ்சளும் பழைய வேட்டித் துணியும் கொண்டு வந்தார். கட்டி முடித்த பிறகுதான், "எங்கையிருந்து வாறியள், அக்கா?" என்று கேட்டார். முதலில் காயம், பிறகு கேள்வி. பிறகு ஒரு கதிரை கொண்டு வந்து போட்டு உட்கார வைத்து, வெறுந் தேத்தண்ணியும் ஒரு துண்டு பனங்கட்டியும் தந்தார்.

அந்தக் கதிரையில் உட்கார்ந்தபோதுதான் உறைத்தது. கதிரை போர்த்துக்கீசச் சொல். அவர் தேத்தண்ணி வைத்த குசினியும் போர்த்துக்கீசம். விறாந்தை, யன்னல், அலுமாரி, சாவி, எல்லாம் அந்த மொழியிலிருந்து வந்தவை. மேசையின் லாச்சியும் (இழுப்பறை) அரசாங்கக் கந்தோரும் (அலுவலகம்) ஒல்லாந்தர் விட்டுப் போனவை. கோயிலின் கூரை போய்விட்டது. அதைக் கட்டியவர்களின் சொற்கள் சுற்றியுள்ள ஒவ்வொரு வீட்டிலும் புழங்குகின்றன. கட்டடக்கலை பற்றி எழுதுகிறவர்கள் சுவரோடு சொல்லையும் அளக்க வேண்டும்.

திரும்பும் வழியில் சந்தைப் பக்கம் ஒரு தேத்தண்ணிக் கடை. பால் தேத்தண்ணி 120 ரூபாய், வடை 60. காலில் கட்டைப் பார்த்து மேசைக்கு எதிரே இருந்த பெரியவர் பேச்சுக் கொடுத்தார். எழுபத்தைந்துக்கு மேல் இருக்கும். எங்கள் சந்தி மடத்தைப் பற்றி, எல்லாருக்குமாகக் கட்டியது என்று நான் பெருமையாகச் சொன்னேன். கோப்பையைக் கீழே வைத்தார்.

"எல்லாருக்கும் எண்டு ஆர் சொன்னது, பிள்ளை? எங்கட அப்பு உந்தத் திண்ணையிலை ஒருநாளும் இருந்ததில்லை. இருக்கேலாது. கிணத்திலை அள்ளேலாது, ஆரும் அள்ளி வாத்தால்தான் தண்ணி. தேத்தண்ணிக் கடைக்குள்ளையும் வரேலாது."

குரலில் கோபம் இல்லை. 1966 ஒக்டோபர் 21 அன்று தீண்டாமைக்கு எதிராகச் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் நோக்கி ஊர்வலம் புறப்பட்டதையும், பொலிஸ் தடியடியையும், அதன் பிறகு இதே சங்கானையில் தேத்தண்ணிக் கடைக்குள் நுழைய நடந்த போராட்டத்தையும் சொன்னார். பக்கத்து நிச்சாமத்தில் என்ன நடந்தது, மாவிட்டபுரம் கோயிலுக்குள் 1968இல் நுழையப் போனபோது வாசலில் என்ன நடந்தது என்றும் சொன்னார். நான் கேட்டுக்கொண்டே இருந்தேன். என்னுடைய தேத்தண்ணிக்கும் அவரே காசு கொடுத்துவிட்டார். மறுத்தேன். "நீங்கள் எங்கட ஊருக்கு வந்த ஆள்" என்றார்.

எழும்பும்போது கேட்டேன்: "சுமைதாங்கி, ஐயா? அதையும் தொடக் கூடாதா?"

கொஞ்சம் யோசித்தார். "அதிலை வைக்கலாம். கல்லுத்தானே. அதிலை வைச்ச சுமையை ஆர் எடுத்துப் பாக்கிறது?"

நேற்று எழுதிய வரியை அடிக்கவில்லை. அதற்குக் கீழே அவர் சொன்னதை எழுதி வைத்தேன். இரண்டும் சேர்ந்ததுதான் அந்தச் சந்தி. பழைய கட்டடம் அழகு என்று மட்டும் எழுதிவிட்டுப் போகிறவர்களில் ஒருத்தியாக நானும் இருந்திருப்பேன், அந்தப் பெரியவர் அன்று தேத்தண்ணி குடிக்க வராமல் இருந்திருந்தால்.

மார்ச் 9, ஞாயிறு

கால் வீங்கிவிட்டது. காலையில் பஸ்ஸில் வட்டுக்கோட்டைக்கு மட்டும் போய் வந்தேன். அமெரிக்க மிஷன் 1823இல் செமினரி தொடங்கிய இடம், இப்போதைய யாழ்ப்பாணக் கல்லூரி. ஞாயிறு ஆனதால் பக்கத்துத் தேவாலயத்தில் பாட்டுச் சத்தம். தமிழ்ப் பாட்டு. சி.வை.தாமோதரம்பிள்ளை படித்த செமினரி இது. சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் பட்டதாரிகளில் ஒருவர். கலித்தொகையை ஏட்டிலிருந்து அச்சுக்குக் கொண்டு வந்தவர். பிற்காலத்தில் எங்கள் புதுக்கோட்டையில் நீதிபதியாக இருந்தவர். எங்கள் ஊரிலிருந்து பஸ்ஸில் கொஞ்ச நேரத்தில் போகிற ஊர்! வேம்பின் நிழலில் அரைமணி உட்கார்ந்திருந்து திரும்பினேன். இதைத் தனியாக ஒருநாள் எழுத வேண்டும்.

மத்தியானம் ஒடியல் கூழ். பனங்கிழங்கைக் காயவைத்து இடித்த மா, நண்டு, இறால், மீன், மரவள்ளி, பயத்தங்காய், பலாக்கொட்டை, செத்தல் மிளகாய், பழப்புளி. பெரிய பானை. அக்கம்பக்கத்து வீடுகளிலிருந்தும் வந்துவிட்டார்கள், ஏனென்றால் கூழ் ஒரு வீட்டுக்கென்று காய்ச்சுவதில்லை. பனையோலையை மடித்துக் கட்டிய பிளாவில் ஊற்றித் தந்தார்கள். உறைப்பில் கண்ணீர் வந்துவிட்டது. மூன்று பிளா குடித்தேன். இன்றிலிருந்து பெரியம்மா எனக்கு "வாங்கோ" போடுவதை விட்டு "வா" என்கிறார்.

எல்லோரும் போன பிறகு, முன்கதவைத் தடவிக்கொண்டிருந்த என்னிடம் அவராகவே சொன்னார். முதிரை மரக் கதவு, பித்தளைக் குமிழ் வைத்தது. வீட்டின் பழைய கதவுகளில் மிஞ்சியது இது ஒன்றுதான். போரில் ராணுவம் நெருங்கி வர, 1995 ஒக்டோபர் 30 இரவு வலிகாமமே எழும்பி நடந்தது. "மழை பிள்ளை. நாவற்குழிப் பாலத்தடியிலை விடியுமட்டும் நிண்டனாங்கள். ஒரு அடி வைக்க ஒரு மணித்தியாலம்." அடுத்த ஆண்டு சித்திரை கழிந்து திரும்பி வந்தபோது கூரை இல்லை, கதவுகள் இல்லை, சிலாகைகள் இல்லை. வெறும் சுவரும் முற்றமும். முன்கதவு மட்டும் பின்வளவில் பழைய ஓலைக் கிடுகுக் கும்பலுக்கு அடியில் கிடந்ததாம். யார் கழற்றி அங்கே ஒளித்து வைத்தது என்று இன்றுவரை தெரியாது. பெரியப்பா சாகும்வரை ஊரில் ஒவ்வொருவரையாகக் கேட்டுக்கொண்டே இருந்தாராம்.

கூரையைத் திரும்பப் போட்டபோது பெரியப்பா நல்ல வைரம் பாய்ந்த பனையாகத் தேடி வாங்கியிருக்கிறார். சங்கடப் படலைக்கும் ஓலை வேய்ந்திருக்கிறார். காசு இல்லாத நேரம் அது. வீட்டில் இரண்டு அறைக்குக் கதவு வரப் பிறகு ஆறு வருடம் ஆகியிருக்கிறது. ஆனால் தெருவோரக் கூரை முதல் மாரிக்கு முன்னாலேயே எழும்பிவிட்டது. ஏன் என்று கேட்டேன். "மழைக்கு ஆரும் வந்தால்?" என்றார், நான் கேட்டதே விளங்காதது போல.

மார்ச் 10, திங்கள்

இன்று திரும்பியிருக்க வேண்டும். காலை ஐந்தரைக்கு ஒரு குறுஞ்செய்தி: காலநிலை காரணமாகக் கப்பல் இல்லை. செவ்வாய் வழக்கமாகவே கப்பல் கிடையாது. அதற்குப் பிந்தைய இருக்கைக்காகத் தொலைபேசியில் முக்கால் மணி நேரம் காத்திருந்தேன். எடுத்த பெண் இன்னொரு இலக்கம் தந்தார், அந்த இலக்கம் முதல் இலக்கத்துக்கே திருப்பி அனுப்பியது. வேலைக்கு விடுப்பு முடிந்துவிட்டது, கால் வலி, கையில் இலங்கைப் பணம் 4,200 ரூபாய். அழுகை வந்துவிட்டது. பெரியம்மா எதுவும் சொல்லாமல் மல்லித் தண்ணி வைத்துத் தந்தார். மத்தியானம் ஒருவழியாகப் புதன்கிழமைக்கு இடம் கிடைத்தது.

பிற்பகல் மழை. எதிர்பாராத மழை, வெங்காயம் பிடுங்கிப் போட்டவர்கள் சாக்கும் படங்குமாக ஓடினார்கள். தாழ்வாரத்தில் இருந்து பார்த்தேன். நான்கு கூரையின் தண்ணீரும் முற்றத்துக்கு இறங்கி, ஒரு கல்வாயால் வெளியேறித் தோட்டத்துக்கு ஓடுகிறது. ஆறில்லாத ஊரில் கூரையே ஒரு சிற்றாறு. வாசலில் சத்தம் கேட்டுப் போய்ப் பார்த்தால், சங்கடப் படலையின் ஒரு திண்ணையில் சீருடையில் இரண்டு பள்ளிக்கூடப் பிள்ளைகள். இன்னொரு திண்ணையில் மீன்பெட்டியோடு ஒரு சைக்கிள்காரர். யாரும் கதவைத் தட்டவில்லை. மழை விட்டதும் போய்விட்டார்கள்.

மார்ச் 11, செவ்வாய்

கிடைத்த நாளை வீணாக்காமல் பருத்தித்துறை. யாழ்ப்பாணம் வந்து பஸ் மாறிப் போக இரண்டரை மணி நேரம். காலை ஆறுதலாகவே ஊன்ற முடிந்தது. பஸ்ஸில் கட்டைப் பார்த்து ஒரு மாணவன் எழுந்து இடம் விட்டான்.

தும்பளை வீதியில் தெருமூடி மடம். பெயரே எல்லாம் சொல்கிறது. தெருவின் இரண்டு பக்கமும் கல்தூண் நிறுத்திய உயரத் திண்ணைகள், இரண்டையும் சேர்த்துத் தெருவையும் மூடி மேலே கூரை. மடத்துக்குள் தெரு போகிறது. நான் நின்ற ஒரு மணி நேரத்தில் சைக்கிளும் மோட்டார் சைக்கிளும் ஓட்டோவும் அதற்குள்ளாகவே போய் வந்தன. நிழலுக்குள் வந்ததும் சிலர் வேகத்தைக் குறைக்கிறார்கள். மற்ற ஊர்களில் மடம் பாதைக்கு ஒதுங்கி நிற்கும், வழிப்போக்கன் விலகிப் போய் உள்ளே ஏற வேண்டும். இங்கே பாதையில் நடக்கிறவன் நிழலைக் கேட்காமலே கடக்கிறான். உட்காருவதற்கு யார் யாரைத் தடுத்தார்களோ, சங்கானைப் பெரியவர் பேச்சுக்குப் பிறகு அந்தக் கேள்வி இல்லாமல் எந்தத் திண்ணையையும் பார்க்க முடியவில்லை. ஆனால் இந்தக் கூரை தெருவின் மேல் இருக்கிறது. நடந்து போகிற ஒருவர் மேல் விழும் நிழலை எப்படித் தடுப்பது?

தூண்களின் அடிப்பக்கம் கடற்காற்றில் அரித்திருக்கிறது. ஒரு தூணின் சுற்றளவு, இடைவெளி, திண்ணை உயரம் எல்லாம் அளந்தேன். டேப்பின் மறுமுனையை ஒரு முதியவர் கேட்காமலே வந்து பிடித்துக்கொண்டார், கடைசிவரை.

திரும்பும்போது பருத்தித்துறை வடை வாங்கினேன். வட்டத் தட்டு மாதிரி மெல்லியது, கடித்தால் நொறுங்கும், பெருஞ்சீரகமும் மிளகாயும் தூக்கலாக. அப்பாவுக்கென்று இரண்டு பை. ஒன்று பஸ்ஸிலேயே தீர்ந்துவிட்டது.

மார்ச் 12, புதன்

கடல் அமைதி, கப்பல் உண்டு. பெரியம்மா மூன்று பனங்கட்டிக் குட்டான், ஒரு போத்தல் ஒடியல் மா, வெங்காய வடகம் கட்டித் தந்தார். சங்கடப் படலைத் திண்ணையில் இருவரும் உட்கார்ந்து ஓட்டோவுக்குக் காத்திருந்தோம். "போட்டு வாறன் எண்டு சொல்லு, போறன் எண்டு சொல்லாதை" என்றார். சொன்னேன்.

மார்ச் 13, வியாழன், காரைக்குடி

அப்பாவின் முன்னால் படங்களையெல்லாம் பரப்பினேன். மடத்துச் சாந்தின் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தார், பவளத் துண்டைக் கண்டதும் சிரித்தார். தெருமூடி மடத்தின் தூண் இடைவெளியைக் கேட்டார். சுமைதாங்கிக்கு வந்தபோது வரைபடத்தைத் தள்ளி வைத்துவிட்டுப் புகைப்படத்தை எடுத்துக்கொண்டார்.

"இது எந்தப் பக்கம் தேஞ்சிருக்கு?"

நான் உயரம் அளந்தேன், அகலம் அளந்தேன். தேய்வைப் பார்க்கவில்லை. படத்தைப் பெரிதாக்கினோம். கிடைக்கல்லின் ஒரு விளிம்பு கூராக இருக்கிறது. மற்ற விளிம்பு சோப்புக் கட்டி மாதிரி உருண்டு மழுங்கியிருக்கிறது. நிழல் விழும் திசையை வைத்துக் கணக்குப் போட்டேன். மழுங்கியது மேற்கு விளிம்பு.

"சந்தை எந்தப் பக்கம்?" என்றார்.

"கிழக்கே."

"அப்போ போறப்பதான் சுமை" என்றார் அப்பா. "வர்றப்ப எல்லாத்தையும் வித்துட்டுத்தான் வந்திருக்காங்க."